கெண்டையை ரசிப்பது எப்படி?

சில ஆண்டுகளுக்கு முன், மதுரையில் மீனாட்சியம்மன் சன்னிதியில் தரிசனம் முடித்துப் பொற்றாமரைக் குளத்துப் படியில் வந்து உட்கார்ந்தபோது, வடநாட்டில் நெடுங்காலம் உத்தியோகம் பார்த்து ஓய்வு பெற்றுத் திரும்பியிருந்த என் நண்பர் ஒருவர், கோயிலுக்குள் இதைக் கேட்கலாமோ கூடாதோ என்ற தயக்கத்தோடு ஒரு சந்தேகத்தை வெளியிட்டார். "மீனின் கண்ணைச் சந்தையில் எத்தனையோ தரம் பார்த்திருக்கிறேன். வட்டமாய், இமையில்லாமல், வெறித்துக்கொண்டு கிடக்கும். அதையா அம்பிகையின் கண்ணுக்கு உவமானமாகச் சொன்னார்கள்?" என்றார். "மீனின் கண்ணை யார் சொன்னார்கள்? மீனையே அல்லவா சொன்னார்கள்!" என்றேன். மீனாட்சியின் அங்கயற்கண்ணி என்ற திருநாமத்துக்கு, அழகிய கயலின் கண்ணை உடையவள் என்று பொருள் கொள்ளாமல், அழகிய கயலைப் போன்ற கண்ணை உடையவள் என்று கொள்ளவேண்டும் என விளக்கியதும் நண்பர் தலையை அசைத்தார். ஆனால் இலக்கணம் சந்தேகத்தைத் தீர்க்கும், ரசனையை உண்டாக்காது. அவர் முகத்தில் ஒரு தெளிவும் தோன்றவில்லை. ஆகவே மறுநாள் காலையில் அவரைச் சோழவந்தானுக்கு அழைத்துப்போனேன்.

சோழவந்தான் பக்கத்து வாய்க்கால்களில் ஓடும் தண்ணீர், 1895-ஆம் ஆண்டு கட்டி முடித்த பெரியாற்று அணையிலிருந்து, மேற்கே போய்க் கடலில் விழவேண்டியது மலையைக் குடைந்த வழியாகக் கிழக்கே திருப்பப்பெற்று, வைகையோடு கலந்து வருவது. தண்ணீர் விட்டுச் சில நாட்கள் ஆகியிருந்ததால் செங்கலங்கல் தெளிந்து, மதகடியில் முழங்கால் ஆழத்துக்கு மணல் தெரிந்தது. கெண்டையை ரசிக்க விரும்புகிறவர்கள் முதலில் கவனிக்கவேண்டியவை மிகச் சாதாரணமான இரண்டு விஷயங்கள்: வெயில் சாய்வாக விழும் காலை வேளையிலோ மாலை வேளையிலோ போகவேண்டும், தம்முடைய நிழல் தண்ணீரில் விழாத பக்கத்தில் நிற்கவேண்டும். கையில் ஒரு பிடி பொரி இருந்தால் விசேஷம். இல்லாவிட்டாலும் பாதகமில்லை, பொறுமை இருந்தால் போதும்.

"எங்கே மீன்?" என்றார் நண்பர். உண்மையில் அவர் காலடியிலேயே ஐம்பது அறுபது கெண்டைகள் நீரோட்டத்தை எதிர்த்து, ஒரே திசையில் முகம் வைத்து நின்றுகொண்டிருந்தன. கெண்டையின் முதுகு பாசியின் நிறம்; மேலிருந்து பார்ப்பவனுக்கு அது மணலோடு மணலாக, நிழலோடு நிழலாக மறைந்துவிடும். கொக்கிடமிருந்து தப்புவதற்காக இயற்கை அளித்த வேஷம் அது. ஆனால் கல்லில் படர்ந்த பாசியைக் கொறிப்பதற்கோ, பக்கத்து மீனை இடித்து விலக்குவதற்கோ அது ஒரு கணம் பக்கவாட்டில் சாய்ந்தால், அதன் வெள்ளி விலாவில் வெயில் பட்டுத் தண்ணீருக்குள் ஒரு மின்னல் வெட்டி மறைகிறது. அந்த வெண்மையின் நடுவே, வால் தொடங்கும் இடத்துக்கு அருகில், மையைத் தொட்டு வைத்தாற்போல ஒரு கரும்புள்ளி. கெண்டைச் சாதியில் பலவற்றுக்கு இந்தப் புள்ளி உண்டு. நண்பர் ஒன்றைக் கண்டார். அது மறைவதற்குள் வேறிடத்தில் மற்றொன்று. பிறகு இரண்டு சேர்ந்தாற்போல. நீண்டு, இரு முனையும் கூர்ந்து, நடுவில் பருத்து, வெண்மையும் கருமையுமாய்ப் பிரகாசித்து, பார்த்தோமா இல்லையா என்று நாம் நிச்சயிப்பதற்குள் காணாமற்போகும் அந்த வஸ்துவுக்குக் கடைக்கண் பார்வையைத் தவிர உலகத்தில் வேறெதை ஒப்பிடுவது? நண்பர் சற்று நேரம் பேசவில்லை. பிறகு, "ஓஹோ!" என்றார், அவ்வளவுதான்.

இந்தப் புரளலுக்குத் தமிழில் 'பிறழ்தல்' என்று ஒரு வினைச்சொல் இருக்கிறது. நெறி பிறழ்தல், வாக்குப் பிறழ்தல் என்று குற்றத்தைச் சொல்லுவதற்கே இன்று அதைச் செலவழித்துக்கொண்டிருக்கிறோம். பழைய புலவர்களோ கயல் பிறழ்வதையும் கண் பிறழ்வதையும் ஒரே சொல்லால் சொல்லிக் களித்தார்கள். கயல், சேல், கெண்டை என்ற மூன்று பெயர்களையும் கெண்டை இனத்து மீன் என்ற ஒரே கூட்டுக்குள் அடைத்துவிடுவது அகராதிகளின் வழக்கம். முன்னிரண்டும் ஏட்டில் தங்கிவிட்டன. கெண்டை மட்டும் ஏட்டிலும் இருந்துகொண்டு, வயற்காட்டிலும் சந்தையிலும் இன்றுவரை புழங்கிவருகிறது. (காயல்பட்டினத்தைக் கயலோடு சேர்த்துக் குழப்பிக்கொள்ளும் அன்பர்கள் உண்டு, காயல் என்பது கடலை அடுத்த கழி. மீன் அங்கேயும் இருக்கும் என்பதைத் தவிர இரண்டுக்கும் உறவில்லை.)

கெண்டை என்ற சொல் கண்ணோடு நின்றுவிடவில்லை, காலுக்கும் இறங்கியது. முழங்காலுக்குக் கீழே பின்புறத்துச் சதையைக் கெண்டைக்கால் என்றும் கெண்டைச் சதை என்றும் சொல்லாத தமிழர் இல்லை. நெடுந்தூரம் நடந்த இரவில் நரம்பு இழுத்துக்கொள்ளும்போது அந்தப் பெயரைச் சொல்லி அலறாதவரும் இல்லை. உருவ ஒற்றுமையால் வந்த பெயர் என்று சொல்லிவிட்டுப் போய்விடலாம். நான் அதோடு திருப்தி அடையவில்லை. ஏற்றம் மிதிக்கிறவர் மரத்தின் மேல் முன்னும் பின்னும் நடப்பதைக் கீழே நின்று பார்த்திருக்கிறவர்களுக்கு நினைவிருக்கும்: ஒவ்வோர் அடிக்கும் அந்தச் சதை தோலுக்கு அடியில் திரண்டு மேலே வரும், அடுத்த அடியில் நழுவிக் கீழே போய் மறையும். வியர்வையில் வெயில் மின்னும். தண்ணீருக்குள் மீன் புரளுவதைத் தினமும் கண்ட கண்தான் இதற்கு அந்தப் பெயரை வைத்திருக்க முடியும். இலத்தீன் மொழிக்காரர்கள் தசைக்குச் சுண்டெலி என்று பொருள்படும் பெயரை இட்டார்கள். ஐரோப்பிய மொழிகள் பலவற்றில் இன்று வழங்கும் சொல் அதிலிருந்து பிறந்ததே. அவர்கள் வீட்டுக்குள் எலி ஓடக் கண்டார்கள். நாம் வயலில் மீன் ஓடக் கண்டோம். தோலின் கீழே ஏதோ ஒரு சிறு பிராணி உயிரோடு ஓடுகிறது என்ற பிரமை மட்டும் இரண்டு ஜாதியாருக்கும் பொது.

ஆக, கெண்டை என்பதை ஓர் உருவத்தின் பெயராக வைத்துக்கொள்ளாமல் ஓர் அசைவின் பெயராக வைத்துக்கொண்டால் அந்தச் சொல் நமக்குத் திறந்துகொள்ளும் என்பது என் அபிப்பிராயம். இதற்கு மதுரைச் சீமையிலேயே ஒரு சாட்சி இருக்கிறது. அயிரை என்னும் சிறு மீன், கெண்டையைவிடச் சிறியது, ருசியில் கெண்டையை வெகு தூரம் பின்னால் விட்டுவிடக்கூடியது. உயிரோடு வாங்கிவந்து, வயிற்றிலுள்ள மண்ணைக் கக்குவதற்காகப் பாலிலோ தேங்காய்ப்பாலிலோ விட்டுவைத்து, பிறகு குழம்பு வைக்கும் அந்த உபசாரம் வேறெந்த மீனுக்கு நடக்கிறது? இருந்தும் யாருடைய கண்ணும் அயிரைக்கண் ஆகவில்லை. சங்கப் பாடல்களில் அயிரை வருகிறது. கொக்குக்கும் நாரைக்கும் இரையாக வருகிறது. காரணம் தெளிவு. அயிரை அடிமணலில் கிடப்பது, மணல் நிறமே உடையது, மின்னாதது. மின்னுகிற மீன் கண்ணுக்குப் போயிற்று, மின்னாத மீன் அலகுக்குப் போயிற்று.

பாண்டியர் தம் கொடியிலும் காசிலும் இணைக்கயலைப் பொறித்தார்கள். அவர்கள் கால்பட்ட இடமெல்லாம் அந்த மீன்கள் கல்லில் நிற்கின்றன. திருக்கோணமலைக் கோட்டை வாயிலின் கல்லிலும் இரண்டு மீன்கள் உண்டு. சோழர்களின் செப்பேட்டு வளையத்தில் உள்ள முத்திரையைப் பார்த்தால், உட்கார்ந்திருக்கும் புலியின் பக்கத்தில் இரண்டு மீன்களும் ஒரு வில்லும் காணப்படும். பாண்டியனையும் சேரனையும் அடக்கினோம் என்ற அறிவிப்பு அது. சரித்திரத்துக்கு இவை மிகவும் வேண்டியவை. ஆனால் ரசனையைப் பற்றிப் பேசும்போது உள்ளதைச் சொல்லிவிடவேண்டும்: கெண்டையின் எந்த ஸ்வபாவமும் இந்த முத்திரைகளில் கிடையாது. ராஜாங்கத்துக்கு அசையாத மீன்தான் வேண்டியிருந்தது போலும்.

வங்காளிகளும் மீனோடு பிறந்து மீனோடு வளர்கிறவர்கள். நம் கெண்டைக்கு அவர்களிடம் 'பூண்ட்டி' என்று பெயர். கங்கையின் மீன்களைப் பற்றி 1822-ஆம் ஆண்டு நூல் வெளியிட்ட ஹாமில்டன், இந்த வங்காளப் பெயரையே சற்று இலத்தீனாக்கிப் 'பூண்டியஸ்' என்று இனப்பெயர் ஆக்கிவிட்டதால், சோழவந்தான் வாய்க்காலில் துள்ளும் மீனும் சாஸ்திரத்தில் வங்காளப் பெயரோடுதான் உலாவுகிறது. ஆனால் வங்காளத்துப் பேச்சு வழக்கில், மதிப்பில்லாத சின்ன மனிதர்களைக் குறிக்கவே 'சுனோபூண்ட்டி' என்பார்கள். நம்மிடமும் கெண்டையைப் போட்டு வராலை இழுக்கிற கெட்டிக்காரர்களைப் பற்றிப் பழமொழி இருக்கிறது. அதில் கெண்டை வெறும் இரைதான். எனினும் அதே அற்ப மீனை எடுத்து, பாண்டி நாட்டு அரசியாகிய தெய்வத்தின் முகத்தில் வைத்தது இங்கே நடந்தது.

சைவர்கள் இந்த உவமையை ஒரு படி மேலே கொண்டுபோனார்கள். பறவை தொட்டு அடைகாப்பது போல ஸ்பரிச தீட்சை, ஆமை நினைத்துப் பொரிப்பது போல மானச தீட்சை, மீன் பார்வையினாலேயே முட்டையைப் பொரிப்பது போல நயன தீட்சை என்று வகுத்து, அம்பிகையும் தன் பார்வையால் உயிர்களை வளர்க்கிறாள் என்றார்கள். இமை மூடாத மீனைப் போல அவளும் உறங்குவதில்லை என்று பக்தர்கள் கூறுவதையும் இதனோடு சேர்த்துக்கொள்ளலாம். வாய்க்காலில் நடப்பது வேறு. கெண்டை தன் முட்டைகளைப் பாசியிலும் செடியிலும் சிதறிவிட்டுத் திரும்பிப் பாராமல் போய்விடும்; பசித்தால் தானே தின்றாலும் தின்னும். வரால் அப்படியல்ல, குஞ்சுக் கூட்டத்தைக் கூடவே இருந்து காவல் காக்கும். எல்லாரையும் மிஞ்சியது, ஆப்பிரிக்காவிலிருந்து புறப்பட்டு 1952-ஆம் ஆண்டு இந்தியாவுக்குள் வந்த ஜிலேபி மீன். அதன் தாய், முட்டைகளை வாய்க்குள்ளேயே வைத்துப் பொரிக்கிறது.

ஜனங்கள் அதை ஜிலேபிக் கெண்டை என்கிறார்கள்! சாஸ்திரப்படி அது கெண்டைக்கு எவ்விதத்திலும் உறவல்ல. 1939-இல் இலங்கையிலிருந்து உதகமண்டலத்துக்கு வந்த சாதாக் கெண்டையும், 1959-இல் வந்து சேர்ந்த புல்கெண்டையும் வெள்ளிக்கெண்டையும் நியாயமாகவே அந்தக் குடும்பத்தைச் சேர்ந்தவை. தமிழன் கண்ணால் பார்த்தே குலத்தைச் சரியாகச் சொல்லிவிட்டான். ஜிலேபி விஷயத்தில் மட்டும் விருந்தாளிக்கு வீட்டுப் பெயரைக் கொடுத்துவிட்டான். அதனால் நேர்ந்த நஷ்டம் என்னவென்றால், இன்று பட்டணத்தில் கெண்டை என்று கேட்கிறவர் தட்டில் பெரும்பாலும் வேறு மீனே வந்து விழுகிறது.

நாட்டுக்கெண்டை வேண்டுமானால், மழைக்காலத்தில் கண்மாய் ஓரத்துக் கிராமத்துச் சந்தைக்குப் போய், கூறு கட்டி வைத்து விற்கும் பெண்களிடம் கேட்கவேண்டும். விரல் நீளத்துக்கு மேல் பெரிதாக இல்லாததே நல்லது. சட்டியில் உப்போடு போட்டு உரசிச் செதில் போக்கி, முழுதாகவே பொரிக்கவேண்டும். முள் அதிகம் என்று பலர் இதை ஒதுக்கிவிடுவார்கள். சதைக்குள் கவை கவையாக ஓடும் நுண்முட்கள் இதன் குலத்துக்கு இயல்பானவை. மொறுமொறுப்பாகப் பொரிந்துவிட்டால் சின்ன மீனில் அவை உபத்திரவம் செய்யா.

நண்பரும் நானும் மதகிலிருந்து கிளம்பியபோது வெயில் உச்சிக்கு ஏறிவிட்டது. தண்ணீர் முழுவதும் ஒரே தகடாகக் கூசியதில் மீன் ஒன்றும் தெரியவில்லை. வரப்பில் முன்னால் போன நண்பர் சட்டென்று நின்று, வேட்டியைச் சற்றுத் தூக்கி, தம் காலைத் தாமே பின்னால் திரும்பிப் பார்த்துக்கொண்டு, ஓர் அடி எடுத்து வைத்தார். மறுபடியும் ஓர் அடி. எழுபதை நெருங்கிய அந்தக் காலில் கெண்டை மெல்ல மேலே வந்து, புரண்டு, உள்ளே போயிற்று.