ஜோடிப் பெயரின் பின்பாதி

தமிழ்த் திரைப்பட வரலாறு கதாநாயகிகளுக்குத் தனி அத்தியாயம் தந்திருக்கிறது. நகைச்சுவை நடிகைகள் மட்டும் 'கலைவாணர்-மதுரம்', 'காளி என். ரத்னம்-ராஜகாந்தம்' என ஜோடிப் பெயர்களின் பின்பாதியாகவே பதிவாகியிருக்கிறார்கள். இந்த வரலாற்றின் முதல் குறை இதுதான்.

இரண்டாவது குறை மௌனப்பட காலத்தைச் சேர்ந்தது. ஹாலிவுட்டின் மேபெல் நார்மண்ட் கீஸ்டோன் நிறுவனத்தில் நடித்தபடியே 1914-இல் படங்களை இயக்கினார். பிரதிகள் மிஞ்சியிருப்பதால் அவர் கலையை இன்றும் ஆராய முடிகிறது. ஆர். நடராஜ முதலியாரின் 'கீசக வதம்' தொடங்கி, சென்னையில் உருவான மௌனப் படங்கள் அநேகமாக அழிந்துவிட்டன. திரைப்பட வரலாற்றாய்வாளர் தியடோர் பாஸ்கரன் முதலானோர் பழைய இதழ்கள், அரசு ஆவணங்கள் வழியே அக்காலத்தை மீட்டார்கள். ஆவணத்தில் படத்தின் பெயர் கிடைக்கும், முதலாளியின் பெயர் கிடைக்கும். ஒரு நடிகை எந்த நொடியில் புருவத்தை உயர்த்தி அரங்கைச் சிரிக்கவைத்தார் என்பது கிடைக்காது.

மேடையிலும் இதே இடைவெளி உண்டு. தூத்துக்குடிச் சீமையின் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்த நாடகாசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் 1918-இல் மதுரையில் தொடங்கிய பாலர் சபையில் பெண் வேடங்களையும் சிறுவர்களே கட்டினார்கள். ஆனால் பெண் வாயிலிருந்து பிறக்கும் நையாண்டி பொருநை என்னும் தாமிரபரணியின் கரைக்குப் புதிதல்ல. சீவலப்பேரி முக்கூடலைக் களமாகக் கொண்ட முக்கூடற்பள்ளில், மூத்த பள்ளியும் இளைய பள்ளியும் ஒருவர் தெய்வத்தை மற்றவர் ஏசும் ஏசலே நூலின் உயிர்.

அந்த மண்ணிலிருந்து வந்தவர் டி. பி. முத்துலட்சுமி. 1931-இல், அன்றைய திருநெல்வேலி மாவட்டத்துத் தூத்துக்குடியில் பிறந்தார். 'சந்திரலேகா' (1948) முரசு நடனத்தில் கூட்டத்தில் ஒருவராக ஆடி, பிறகு நகைச்சுவைக்கு வந்தார். 'அறிவாளி' (1963) பூரி சுடும் காட்சியை அவருடைய சான்றாக எடுத்துக்கொள்ளலாம். நகைச்சுவை நடிகர் தங்கவேலு ஒவ்வொரு படியாகச் சொல்லித்தர, எல்லாம் தமக்கு முன்பே தெரியும் என்று இவர் இடைமறிக்கிறார். சொல் ஒன்றேதான், ஒவ்வொரு முறையும் முகம் வேறு, விடும் இடைவெளி வேறு. ஒலியை நிறுத்திவிட்டுப் பார்த்தாலும் காட்சி விளங்கும். மௌனப்படம் கேட்ட திறமை இது.

தங்கவேலுவோடு மட்டுமின்றி ஏ. கருணாநிதியோடும் பிறரோடும் நடித்தார். உடன் நடிப்பவர் மாறியும் சிரிப்பு குன்றவில்லை என்றால், அந்தக் கலை ஜோடிக்குச் சொந்தமானதாக இருக்க முடியாது. மதுரம் விஷயத்திலும் இதுவே உண்மை: 1944 இறுதியில் கலைவாணர் சிறைப்பட்டபின் நாடக சபை கலைந்துவிடாமல் காத்தவர் அவர்.

2008-இல் முத்துலட்சுமி மறைந்தார். முந்நூறுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தவர் என்கிறார்கள். அவற்றில் கிடைப்பவற்றைக் காட்சிவாரியாகப் பட்டியலிடுவதும், உடன் நடித்தவர்களின் நினைவுகளைப் பதிவுசெய்வதும் நெல்லைப் பல்கலைக்கழக ஆய்வாளர் ஒருவர் இன்றே தொடங்கக்கூடிய வேலை. மௌனப்பட நடிகைகளை இழந்தது போதும். பேசும்பட நடிகைகளின் படங்கள் நம் கையில் இருக்கும்போதே அவர்களை அவரவர் பெயரில் எழுதிவிட வேண்டும்.