ஒலியை விழுங்கும் உலோகம்

மணி வார்ப்பவர்கள் செம்பையும் வெள்ளீயத்தையும் ஏறத்தாழ நான்குக்கு ஒன்று என்ற அளவில் கலப்பார்கள். ஒருமுறை அடித்தால் நெடுநேரம் ரீங்கரிக்க வேண்டும் என்பதே அக்கலவையின் நோக்கம். இதற்கு நேரெதிரான ஓர் உலோகத்தை அமெரிக்கச் சித்திரக்கதை ஆசிரியர்கள் கற்பனை செய்தனர். வைப்ரேனியம் என்பது அதன் பெயர். ஓசையாயினும் அடியாயினும் தன்மேல் விழும் அதிர்வு அனைத்தையும் அது தன்னுள் வாங்கித் தேக்கிக்கொள்ளும். அதனால் ஒரு மணி வார்த்தால் அந்த மணி ஊமையாகவே தொங்கும்.

சித்திரக்கதை என்றதும் முகம் சுளிப்போர் நம் வாசகரிடையே உண்டு. நாமும் அவ்வாறே இருந்தவர்கள்தாம். எனினும் சில கற்பனைகள் தம்மைப் படைத்தவரினும் ஆழமாகச் சிந்திக்கின்றன என்பதை மறுப்பதற்கில்லை.

1966-ல் ஸ்டான் லீ, ஜாக் கிர்பி ஆகிய இருவரும் ‘ஃபென்டாஸ்டிக் ஃபோர்’ இதழில் வகாண்டா என்னும் கற்பனை ஆப்பிரிக்க நாட்டையும், கருஞ்சிறுத்தை வேடம் பூண்ட அதன் இளம் மன்னனையும் அறிமுகப்படுத்தினர். அந்நாட்டின் செல்வம் வைப்ரேனியம். அதைக் கவர வந்த கிளா என்பவன் மன்னனின் தந்தையைக் கொல்கிறான். ஓசையைத் திடப்பொருளாக்கும் கருவியொன்று அவனிடம் உண்டு. பின்னர் தானே அக்கருவிக்குள் புகுந்து ஓசையாலான உடலைப் பெறுகிறான். ஒலியை விழுங்கும் உலோகம் ஒருபுறம், ஒலியே உடலானவன் மறுபுறம். மலிவான தாளில் அச்சான கதைக்கு இது எளிய கற்பனையன்று.

2018-ல் ரயன் கூக்ளர் இயக்கத்தில் வெளிவந்த ‘பிளாக் பாந்தர்’ திரைப்படம் இக்கற்பனையை உலகெங்கும் கொண்டு சென்றது. ஆடை வடிவமைப்பு, அரங்க அமைப்பு, இசை ஆகியவற்றுக்காக மூன்று ஆஸ்கர் விருதுகளும் பெற்றது. விருதுகள் தகுதியானவையே. நம் குறை வேறோரிடத்தில் இருக்கிறது.

இயற்கையிலும் துணியும் பஞ்சும் ஒலியை வாங்கிக்கொள்கின்றன. வாங்கிய ஒலி சிறு வெப்பமாக மாறிக் கரைந்துபோகிறது. வைப்ரேனியத்தில் மட்டும் அது கரைவதில்லை. அப்படியாயின், உள்ளே தேங்கியது என்னவாகும்? கதை தானாகவே எழுப்பும் வினா இது. படம் தரும் விடையோ நம்மை ஏமாற்றுகிறது. மன்னனின் தங்கை ஷூரி இவ்வுலோகத்தைக் கொண்டு ஓசையெழாத காலணி செய்கிறாள். வாங்கிய அடியைத் திருப்பியடிக்கும் போருடை செய்கிறாள். அரங்கம் கைதட்டுகிறது, நாமும் ரசித்தோம். ஆனால் வகாண்டா நாடே அந்த உலோகம்போல் வாழ்கிறதே, அதைச் சொல்லும் ஓர் உரையாடலும் படத்தில் இல்லை.

நூற்றாண்டுகளாக அந்நாடு தன்னை மறைத்துக்கொள்கிறது. எல்லைக்கு அப்பால் அடிமை வணிகமும் குடியேற்ற ஆட்சியும் எழுப்பிய ஓலங்கள் அந்த மலைகளில் மோதி அடங்கிவிடுகின்றன, எதிரொலி எழவில்லை. அகதிகளை உள்ளே விட்டால் அவர்களுடைய தொல்லைகளும் உடன் வரும் என்று மன்னனின் நண்பனே வாதிடுகிறான். 1992-ல் அமெரிக்காவின் ஓக்லாந்து நகரில், கறுப்பின மக்களின் துயரைக் கண்டு நாட்டின் கட்டளையை மீறிய தம்பியைப் பழைய மன்னன் கொன்றுவிட்டு, அத்தம்பியின் மகனை அங்கேயே விட்டுச் செல்கிறான். அச்சிறுவனின் அழுகையும் வகாண்டாவை எட்டவில்லை. வளர்ந்து கில்மாங்கராகத் திரும்பும்போது, அவன் தேக்கி வைத்ததெல்லாம் ஒரே அடியாக வெளிப்படுகிறது. உண்மையில் இப்படத்தின் வைப்ரேனியம் அவனே.

பாவசங்கீர்த்தனத் தொட்டியில் அமர்ந்து பழகியவர்களுக்கு, கேட்டதை வெளிவிடாமல் உள்ளே வைத்திருப்பது தவறாகப் படாது. ஆனால் கேட்டபின் காக்கும் மௌனம் வேறு. கேளாதிருப்பதற்காகக் கட்டிய மௌனம் வேறு. படத்தில் இவ்வேறுபாட்டை உணர்ந்தவள் நாக்கியா ஒருத்திதான். நைஜீரியாவில் கடத்திச் செல்லப்படும் பெண்களோடு பெண்ணாக வண்டியில் அமர்ந்திருப்பவளாகவே அவள் நமக்கு முதலில் காட்டப்படுகிறாள். அவளுக்கு இன்னும் பெரிய இடம் தந்திருக்கலாம். போர்க்களக் காட்சிகளுக்கு ஒதுக்கிய நேரத்தில் பாதி போதும்.

மெய்யான ஆப்பிரிக்காவையும் இவ்விடத்தில் நினையாதிருக்க இயலவில்லை. அணுகுண்டுத் திட்டத்துக்குக் காங்கோவின் ஷிங்கோலோப்வே சுரங்கம் யுரேனியம் தந்தது. இன்று உலகில் எடுக்கப்படும் கோபால்ட்டில் பாதிக்கும் மேல் அந்நாட்டினுடையது. சிறுவர்களும் அதைத் தோண்டியிருக்கிறார்கள். அச்சுரங்கங்களின் ஓசை நம் கைப்பேசிகளுக்குள்ளும் கேட்பதில்லை. கூக்ளர் இதை அறியாதவர் அல்லர் என்றே எண்ணுகிறோம். ஆனால் ஒளிரும் நீல நிறச் சுரங்கத்தைக் காட்டுபவர், அதில் உழைக்கும் ஒருவரின் பேச்சையேனும் நமக்குக் கேட்கவிடவில்லை.

சிறு பிழை ஒன்றையும் சொல்லிவிடலாம். இவ்வரிசைப் படங்களில் கேப்டன் அமெரிக்காவின் கேடயமும் இதே உலோகம்தான். அடிபடும்போதெல்லாம் அது கணீரென்று ஒலிக்கிறது! ஒலிப்பதிவாளரின் ஆசையை எந்த உலோகத்தாலும் அடக்க முடியாது போலும்.

படம் தன் உருவகத்தைத் தொட்டுவிடும் இடம் ஒன்று உண்டு. பண்படாத வைப்ரேனியத்தை ஏற்றிச் செல்லும் ரயில்கள் கடக்கும்போது, ஒலியால் இயங்கும் கருவிகள் அதன் ஆற்றலைச் சிறிது நேரம் அடக்கிவைக்கின்றன. இறுதிச் சண்டை அந்தத் தண்டவாளத்தில் நடக்கிறது. ரயில் வரும்தோறும் இருவர் உடலிலும் கவசம் கலைந்து, காயம்படக்கூடிய வெறும் தோல் தெரிகிறது. ஒரே பாட்டனின் பேரர்கள் இருவர், ஓசையின்முன் கவசமற்று நிற்கிறார்கள். அங்கே ஒரு கணம் அவர்களைப் பேசவிட்டிருக்கலாம். கத்தி முந்திக்கொள்கிறது.

அதன்பின் மன்னன் ஓக்லாந்துக்குச் செல்கிறான். சிற்றப்பன் மாண்ட கட்டடத்தை விலைக்கு வாங்கி உதவி மையமாக்கப் போவதாகத் தங்கையிடம் சொல்கிறான். தெருவில் பந்து விளையாடிக்கொண்டிருந்த சிறுவன் ஒருவன் அவனிடம் வந்து, நீங்கள் யார் என்று கேட்கிறான். மன்னன் புன்னகைக்கிறான். பதிலை நாம் கேட்பதற்குள் திரை இருண்டுவிடுகிறது.