சொந்த மைதானத்தின் ஆட்டக்காரர்

விளையாட்டுப் பக்கத்தில் பேய்ப்பட இயக்குநருக்கு என்ன வேலை? ஜார்ஜ் ரொமேரோவுக்கு இங்கே கொஞ்சம் உரிமை உண்டு. இன்றைய ஸோம்பி படங்களுக்கெல்லாம் பிள்ளையார் சுழி போட்ட மனிதர், 1970களில் விளையாட்டு வீரர்களைப் பற்றித் தொலைக்காட்சிக்கு ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருந்தார். அமெரிக்கக் கால்பந்து நட்சத்திரம் ஓ.ஜே. சிம்ப்சனைப் பற்றி 1974இல் ஒன்று வந்தது. முதல் ஆட்டத்திலேயே சதம் அடித்தவர் ஏன் அந்த வேலைக்குப் போனார் என்பதுதான் கேள்வி.

முதல் ஆட்டம் 1968இல் வந்த ‘நைட் ஆஃப் தி லிவிங் டெட்’. பிட்ஸ்பர்க்கில் விளம்பரப் படம் எடுத்துப் பிழைத்த நண்பர்கள் குழுவின் படம் அது. பத்துப் பேர் ஆளுக்கு 600 டாலர் போட்டு ஆரம்பித்தார்கள். கடைசிச் செலவு சுமார் 1,14,000 டாலர். இடிக்கவிருந்த பண்ணை வீடுதான் செட். கறுப்பு வெள்ளைப் படம் என்பதால் ரத்தத்துக்குச் சாக்லேட் சிரப்பே போதுமானதாக இருந்தது. நாயகன் டுவேன் ஜோன்ஸ், கறுப்பினத்தவர். முடிவை மகிழ்ச்சியாக மாற்றினால் வாங்கிக்கொள்கிறோம் என்றது ஒரு விநியோக நிறுவனம். ரொமேரோ மாற்றவில்லை.

படம் ஓடு ஓடென்று ஓடியது. பணம்தான் எடுத்தவர்கள் கைக்கு ஒழுங்காக வந்து சேரவில்லை. கடைசி நேரத்தில் தலைப்பை மாற்றியபோது, பழைய தலைப்பு அட்டையோடு சேர்ந்து காப்புரிமை அறிவிப்பும் போய்விட்டது. அன்றைய அமெரிக்கச் சட்டப்படி அறிவிப்பு இல்லையென்றால் உரிமையும் இல்லை. யார் வேண்டுமானாலும் பிரதி போட்டு விற்றார்கள். அடித்த ரன் வேறு யார் கணக்கிலோ ஏறியது என்றுதான் சொல்ல வேண்டும்.

அடுத்து வந்த மூன்று படங்களும் வசூலில் தோல்வி. கடனை அடைக்க ஆவணப்படம். வேறொருவராக இருந்தால் லாஸ் ஏஞ்சல்ஸுக்கு ரயில் ஏறியிருப்பார். இவர் பிட்ஸ்பர்க்கை விட்டு நகரவில்லை. அந்தப் பிடிவாதத்துக்குப் பலன் 1978இல் வந்த ‘டான் ஆஃப் தி டெட்’. நகரத்துக்கு அருகிலுள்ள மன்ரோவில் மால், கடைகள் மூடிய பிறகு இரவு முழுக்கப் படக்குழுவிடம் இருந்தது, விடிந்தால் வாடிக்கையாளரிடம். கிறிஸ்துமஸ் அலங்காரம் ஏறியதும் படப்பிடிப்பை நிறுத்திக் காத்திருந்தார்கள். செத்தும் கடை வீதியை விட்டு அகலாத பிணங்கள்! கிண்டலும் வன்முறையும் இவ்வளவு இயல்பாகக் கலந்த திகில் படம் இன்னொன்று எனக்குத் தெரியவில்லை.

1985இல் ‘டே ஆஃப் தி டெட்’. வன்முறையைக் குறைத்தால் 70 லட்சம் டாலர், குறைக்காவிட்டால் 35 லட்சம் என்றார்கள் பணம் போட்டவர்கள். பாதிப் பணத்தை எடுத்துக்கொண்டு திரைக்கதையைச் சுருக்கினார். தியேட்டரில் படம் தடுமாறியது. என் கணக்கில் அது சரியான முடிவுதான். ஏனென்றால், பெரிய நிறுவனத்துக்காக எடுத்த ‘மங்கி ஷைன்ஸ்’ படத்தின் முடிவை அவர்கள் மாற்றினார்கள். 1990களில் பெரிய ஸ்டுடியோ வாசல்களில் காத்திருந்த ஆண்டுகளில் அவர் கையில் எஞ்சிய படங்கள் மிகக் குறைவு. 2005இல் யுனிவர்சல் கொடுத்த வாய்ப்பில் ‘லேண்ட் ஆஃப் தி டெட்’ மோசமில்லை. ஆனால் பழைய வீச்சு இல்லை. 2017இல் டொரண்டோவில் காலமானார்.

வெற்றி தோல்வியை மட்டும் கூட்டிப் பார்த்தால் ரொமேரோ சுமாரான ஆட்டக்காரர். பணம் குறைந்து, கடைசி வார்த்தை தன்னுடையதாக இருந்த படங்களை மட்டும் எடுத்துக்கொண்டால் அவர் நிலையே வேறு. அதற்குச் சாட்சி ‘மார்ட்டின்’. உருக்காலைகள் நொடிந்த பிராடக் என்ற சிற்றூர். தன்னை ரத்தக்காட்டேரி என்று நம்பும் ஓர் இளைஞன். கோரைப்பல் கிடையாது, ஊசியும் சவர பிளேடும்தான். தன் படங்களில் தனக்குப் பிடித்தது அதுதான் என்று ரொமேரோவே சொல்லியிருக்கிறார். ஸோம்பிகளைப் பார்த்துச் சலித்தவர்கள் அதிலிருந்து தொடங்குங்கள்.