கடன் வாங்கிய கருப்பு: கலாபவன் மணியை முன்வைத்து

கலாபவன் மணி என்றால் தமிழ்நாட்டில் 'ஜெமினி' (2002) வில்லன்தான். மிருகங்கள் மாதிரிச் சத்தம் கொடுத்து உடம்பை முறுக்குகிற தேஜா. பனவடலிசத்திரத்தில் எங்க தெருப் பையங்க அந்தச் சத்தத்தைப் போட்டுக்கொண்டே திரிந்தார்கள். கேட்க நல்லாத்தான் இருந்தது. ஆனால் அதற்கு முந்தி நடந்ததைப் பேசாமல் இந்த நடிகனைப் பேசுவதில் அர்த்தமில்லை.

சாலக்குடியில் 1971இல் ஒரு தலித் கூலிக் குடும்பத்தில் பிறந்தவர். ஆட்டோ ஓட்டியவர். கொச்சி கலாபவன் மிமிக்ரிக் குழு வழியாகச் சினிமாவுக்கு வந்தார். 1999இல் வினயன் இயக்கிய 'வாசந்தியும் லட்சுமியும் பின்னெ ஞானும்' படத்தில் கண் தெரியாத பாடகன் ராமுவாக நடித்தார். தேசிய விருதுக் குழுவின் சிறப்புக் குறிப்பு கிடைத்தது.

அதே வினயன் 2001இல் அதைத் தமிழில் 'காசி'யாக எடுத்தார். பாத்திரம் விக்ரமுக்குப் போனது. வெயிலில் கிடந்து தோலைக் கருக்கிக்கொண்டு நடித்தார் என்று பத்திரிகைகள் மெச்சின; பிலிம்பேர் விருதும் வந்தது. விக்ரமின் உழைப்பை நான் குறை சொல்லவில்லை. கடன் வாங்கிய கருப்புக்கு மாலை விழுந்தது. பிறவிக் கருப்போ அடுத்த வருஷமே அதே விக்ரமுக்கு எதிரே வில்லனாக நிறுத்தப்பட்டது. அவருக்குத் தமிழில் மார்க்கெட் இல்லை என்பார்கள். மார்க்கெட் என்ன வானத்திலிருந்தா விழுகிறது?

மலையாளத்தில் மட்டும் என்ன வாழ்ந்தது? நாயகனாக்கியபோது முதலில் கண்ணைப் பறித்தார்கள். பிறகு 'கருமாடிக்குட்டன்' (2001) படத்தில் புத்தியைக் குறைத்தார்கள். பரிதாபத்துக்குரிய உடலாக வந்தால்தான் அந்த உடலைத் திரை நடுவில் சகித்துக்கொள்ள முடிகிறது. பிற்பாடு 'பென் ஜான்சன்' (2005) போன்ற சண்டைப் படங்களில் முழு ஆளாக நின்றார். விமர்சகர்கள் மதிக்காத அந்தப் படங்களைத்தான் நான் மதிக்கிறேன்.

எனக்கு ஆறாதது 'பாபநாசம்' (2015). நம்ம ஜில்லாக் கதை, நெல்லைப் பேச்சு. மணி அதில் கான்ஸ்டபிள் பெருமாள். சொந்தக் கறுவலைத் தீர்க்கச் சின்னப் பிள்ளையைப் போட்டு அடிக்கிறவன். அபாரமாகச் செய்திருக்கிறார், நமக்கே கை துறுதுறுக்கிறது. உத்தரவு போட்ட மேலதிகாரிக்குக் கடைசியில் தாயின் கண்ணீர் இருக்கிறது. கான்ஸ்டபிளுக்கு ஜனங்களின் வெறுப்பு மட்டும்தான்.

1999 ஜூலை 23இல் திருநெல்வேலியில் மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளருக்காகப் போன ஊர்வலத்தைப் போலீஸ் விரட்டி அடித்தது. தாமிரபரணியில் 17 பேர் செத்தார்கள். பாபநாசமும் அந்த ஆற்றங்கரைதான். லத்தி எங்கிருந்து இறங்குகிறது என்று இந்த மண்ணில் நம்ம ஆளுகளுக்குத் தெரியும். அந்த லத்திக்கு முகம் தேடியவர்கள் ஒரு தலித் நடிகனின் முகத்தைக் கொண்டுவந்து வைத்தார்கள். வன்முறை அதிகாரத்தின் ஏற்பாடாக இல்லாமல், ஒரு கருத்த மனிதனின் கெட்ட குணமாகச் சுருங்கிப்போனது. நடிகர் தேர்வுக்குப் பின்னால் சதி இருந்தது என்று சொல்ல வரவில்லை. சதி தேவைப்படாத அளவுக்கு அது பழக்கமாகிவிட்டது என்கிறேன்.

2016 மார்ச் 6இல் மணி செத்தபோது வயது 45. சாலக்குடியில் திரண்ட கூட்டம் தேஜாவையோ பெருமாளையோ பார்க்க வந்ததல்ல. மீனும் கள்ளும் பசியும் பேசிய அவருடைய நாட்டுப்பாட்டு கேசட்டுகளைத் தேயத் தேயக் கேட்ட ஜனம் அது.