கடாரத்துக்கும் பால்மரத்துக்கும் இடையே

மலாக்கா மாநிலத் தமிழ்ப்பள்ளி ஒன்றில், தமிழர் இந்நாட்டிற்கு எப்பொழுது வந்தனர் என்று மாணவர்களை வினவினால், பெரும்பாலும் இரண்டு விடைகளுள் ஒன்றே கிடைக்கும். இராசேந்திர சோழன் கடாரம் கொண்ட காலத்தில் வந்தனர் என்பது ஒன்று. பால்மரம் சீவ வந்தனர் என்பது மற்றொன்று. முன்னது 1025ஆம் ஆண்டை ஒட்டியது. பின்னதற்கு மலாக்காவிலேயே ஒரு தொடக்கம் உண்டு. 1896ஆம் ஆண்டில் தான் சாய் யான் என்னும் சீனப் பெருமகனார் புக்கிட் லிந்தாங்கில் வணிக நோக்குடன் ரப்பர் பயிரிட்டார். மலாயாவில் இவ்வகை முயற்சியின் முதற்படி அதுவே. இவ்விரண்டு ஆண்டுகளுக்கும் இடைப்பட்டவை 871 ஆண்டுகள். அவற்றைப் பற்றி மாணவனும் சொல்வதில்லை. அவன் கேட்கும் மேடைப் பேச்சுகளும் சொல்வதில்லை.

இவ்வழக்கம் இந்நாட்டில் பிறந்ததன்று. தமிழக வரலாற்று நூல்களோடு கப்பலேறி வந்தது. சங்க காலம் பொற்காலம், அடுத்தது இருண்ட காலம், அதற்கப்பால் பல்லவர், பாண்டியர், சோழர் என்னும் வரிசையை ஆசிரியர்கள் தலைமுறை தலைமுறையாகக் கற்பித்து வந்துள்ளனர். மூன்றாம் நூற்றாண்டின் இறுதி தொடங்கி ஆறாம் நூற்றாண்டின் பிற்பகுதிவரை ஏறத்தாழ 300 ஆண்டுகள் களப்பிரர் பெயரால் இருளுக்குள் தள்ளப்பட்டன. அந்த இருள் எங்கிருந்து வந்தது என்பதை ஆராய்வோர், வேள்விக்குடிச் செப்பேட்டிடம் வந்து நிற்பர்.

அச்செப்பேடு எட்டாம் நூற்றாண்டில் பாண்டியன் பராந்தக நெடுஞ்சடையன் காலத்தில் எழுந்தது. பல்யாகசாலை முதுகுடுமிப் பெருவழுதி, நற்கொற்றன் என்னும் அந்தணனுக்கு வேள்விக்குடி என்னும் ஊரைக் கொடுத்தான்; பிற்காலத்தில் களப்பிர அரசன் அதனைப் பறித்துக்கொண்டான்; களப்பிரரை வென்று கடுங்கோன் பாண்டியர் ஆட்சியை மீட்டான்; பின்வந்த நெடுஞ்சடையனிடம் நற்கொற்றன் வழியினர் முறையிட, அவன் அந்த ஊரை அவர்க்கே திரும்ப அளித்தான். செப்பேடு கூறும் செய்தி இதுவே. இஃது ஒரு நிலவழக்கின் தீர்ப்பு. தீர்ப்பை எழுதியோர் வென்ற அரசின் அவையினர்; பயன் பெற்றோர் வழக்காடிய குடும்பத்தினர். களப்பிரன் தரப்புச் சொல் அதில் இல்லை, இருக்கவும் இயலாது. ஒரு குடும்பம் ஊரை இழந்த செய்தியிலிருந்து ஒரு நாடே ஒளியிழந்தது என்னும் முடிவுக்குத் தாவியவர்கள் பிற்கால வரலாற்றாசிரியர்களே அன்றிச் செப்பேட்டை எழுதியவர் அல்லர்.

மயிலை சீனி. வேங்கடசாமி 1970களில் ‘களப்பிரர் ஆட்சியில் தமிழகம்’ என்னும் நூலை எழுதி, இருள் எனப்பட்ட அக்காலத்திற்குள் புகுந்து பார்த்தார். அங்கே ஆளில்லாப் பாழ்வெளி இல்லை. பாலி மொழியில் நூல் செய்த புத்ததத்தர் சோழநாட்டில் வாழ்ந்தவர். களப்பிர குலத்து அச்சுதவிக்கந்தன் காலத்தைத் தம் நூலில் குறித்தவர். 470ஆம் ஆண்டில் வச்சிரநந்தி மதுரையில் திரமிள சங்கத்தை நிறுவினார் என்று சமண நூல் கூறும். பதினெண்கீழ்க்கணக்கு நூல்களுட் பல இக்காலத்தன என்பது ஆய்வாளர் பலரின் கருத்து. எழுத்தும் அன்று உறங்கிக் கிடக்கவில்லை. பழைய தமிழிப் பொறிப்பு மெல்ல மெல்ல வட்டெழுத்தாக வளைந்தது இந்நூற்றாண்டுகளிலேதான். எழுதாத மக்கள் எழுத்தை வளைக்கமாட்டார்கள்.

சிவகங்கை மாவட்டத்துப் பூலாங்குறிச்சிப் பாறைக் கல்வெட்டு 1970களின் பிற்பகுதியில் அறிஞர் பார்வைக்கு வந்தபோது இவ்வாய்வு மேலும் சூடுபிடித்தது. சேந்தன் கூற்றன் என்னும் அரசனையும், 192 என்னும் ஆண்டையும் அது குறிக்கிறது. எந்த ஊழியின் 192 என்பது அதில் இல்லை. சக ஆண்டாகக் கொண்டால் கி.பி. 270, கலசூரி ஆண்டாகக் கொண்டால் கி.பி. 440. ஒரே கல்லின் ஒரே எண் 170 ஆண்டு இடைவெளியில் ஊசலாடுகிறது. அவ்வரசன் களப்பிரனா என்பதிலும் கருத்து வேறுபாடு உண்டு. களப்பிரன் என்று கொள்வோர்க்கு ஓர் இடர் காத்திருக்கிறது. அக்கல்வெட்டு தேவகுலங்களையும் பிரமதாயத்தையும் பேணிய ஓர் ஆட்சியைக் காட்டுகிறது; வேதியர்க்குப் பகைவர் என்று பாடநூல் தீட்டிய களப்பிரர் படம் அதனோடு ஒத்துவரவில்லை.

காலக் கணிப்பு எவ்வளவு மெல்லிய நூலில் தொங்குகிறது என்பதற்குச் சிலப்பதிகாரத்தினும் சிறந்த சான்று வேண்டா. செங்குட்டுவன் எடுத்த விழாவில் இலங்கைக் கயவாகு மன்னன் இருந்தான் என அந்நூல் கூறுவதைக் கொண்டு, மகாவம்சம் கூறும் முதலாம் கயவாகுவோடு பொருத்தி, கனகசபைப் பிள்ளை முதலியோர் செங்குட்டுவனை இரண்டாம் நூற்றாண்டில் நிறுத்தினர். சங்க காலக் கணிப்பின் பெரும்பகுதி அந்த ஒரு முளையில் கட்டப்பட்டது. ஆனால் மகாவம்சம் கயவாகுவைச் சொல்லுமிடத்துக் கண்ணகி விழாவைச் சொல்லவில்லை. எல். டி. சுவாமிக்கண்ணுப் பிள்ளை அந்நூலின் நாள், மீன் குறிப்புகளைக் கணித்து 756ஆம் ஆண்டு என்றார். எஸ். வையாபுரிப் பிள்ளை ஏறத்தாழ 800 என்றார். முதற் கணிப்புக்கும் இறுதிக் கணிப்புக்கும் 600 ஆண்டிற்கு மேற்பட்ட இடைவெளி. வையாபுரிப் பிள்ளை அதற்காகத் தமிழுக்குப் பகைவர் எனவும் பழிக்கப்பட்டார். அவர் முடிவுகளுட் சில இன்று ஏற்கப்படுவதில்லை. அவற்றை மறுத்து நின்றவை சான்றுகளே, பழிச்சொற்கள் அல்ல. தேர்வுத்தாளில் மாணவன் எழுதும் ‘கி.பி. இரண்டாம் நூற்றாண்டு’ என்னும் விடைக்குப் பின்னால் இத்தனை வழக்கு இருப்பதை அவன் அறியாமலே மதிப்பெண் பெறுகிறான்.

இனி மலாக்காவுக்கு வருவோம். இந்நகரின் பிறந்த ஆண்டே வழக்கிற்குரியது. ஏறத்தாழ 1400 என்றே பள்ளிப் பாடநூல்கள் நெடுங்காலமாகக் கற்பித்து வந்துள்ளன. 2010ஆம் ஆண்டையொட்டி மலாக்கா மாநில அரசு 1262 என்னும் ஆண்டை ஏற்றது. மாணவன் எதை எழுதுவது என்று கேட்டால் ஆசிரியர் தடுமாறுவது இயல்பே. ஆனால் தடுமாற வேண்டிய இடத்தில் கற்பிக்கத்தக்க ஒன்று கிடைக்கிறது.

1262 என்பது செஜாரா மெலாயு கூறும் ஆட்சியாண்டுகளைப் போர்த்துக்கீசியர் நகரைக் கைப்பற்றிய 1511இலிருந்து பின்னோக்கிக் கூட்டிச் செல்லும் முறையினது. 249 ஆண்டுகள் ஆகின்றன. சென்ற நூற்றாண்டுகளில் ஐரோப்பிய ஆசிரியர் சிலர் பதின்மூன்றாம் நூற்றாண்டின் நடுப்பகுதியைச் சுட்டியதும் இத்தகைய கணக்கினாலேயே. அந்நூல் மன்சூர் ஷாவுக்கு 73 ஆண்டு ஆட்சி தருகிறது. வரலாற்றாசிரியர் பெரும்பான்மையோர் அவனுக்குத் தருவது 1459 முதல் 1477வரை, அதாவது 18 ஆண்டு. ஓர் அரசன் கணக்கிலேயே 55 ஆண்டு மிகுகிறது.

மறுபுறம் சீன மிங் அரசின் குறிப்புகள் அவ்வப்பொழுது எழுதப்பட்டவை. 1403இல் சீனத் தூதர் மலாக்காவுக்கு அனுப்பப்பட்டார். 1405இல் மலாக்காவின் தூதர் சீனம் சென்றனர். 1411இல் பரமேசுவரனே நேரில் சென்றான். 1414இல் அவன் மகன் தந்தை இறந்த செய்தியோடு வந்தான். இக்குறிப்புகளைக் கொண்டு வாங் குங்வூ 1968இல் எழுதிய கட்டுரை, பரமேசுவரனும் மெகாட் இஸ்கந்தர் ஷாவும் ஒருவரே என்னும் கருத்தை மறுத்து, தந்தையும் மகனுமாக இருவர் என நிலைநாட்டியது. பெயர் மாறியதை மதம் மாறியதாகக் கொண்டு இருவரை ஒருவராக்கிய பிழை பல பாடநூல்களில் நெடுநாள் வாழ்ந்தது. 1400க்கு முன் அக்கரையில் மனிதர் வாழவில்லை என்பது இதன் பொருளன்று. மீனவர் குடியிருப்பும் சிறு துறையும் முன்னரே இருந்திருக்கலாம். அரசு ஒன்று அங்கே எழுந்த காலமே வழக்கில் உள்ளது.

தமிழ் எழுத்தாளர் சிலர் இவ்வழக்கில் தமக்கும் ஒரு பங்கு தேடுவர். பரமேசுவரன் என்பது சிவன் பெயராதலால் அவன் தமிழன் என்பர். பட்டப்பெயர் தாய்மொழியைக் காட்டாது. வடமொழிப் பட்டம் பூண்ட அரசர் சுமத்திராவிலும் சாவகத்திலும் கம்போசத்திலும் பலர். செஜாரா மெலாயுவில் வரும் ராஜா சூரன் இராசேந்திரனே என்பர் வேறு சிலர். கண்ணாடிப் பேழைக்குள் அமர்ந்து கடலடிக்குச் சென்று அங்கே மணம் புரிந்து மீளும் அந்த மன்னன் கதையில் சோழர் படையெடுப்பின் மங்கிய நினைவு கலந்திருத்தல் கூடும். ஆயினும் அந்நூலின் பெயர்பெற்ற படி 1612ஆம் ஆண்டைச் சுட்டுவது. கடாரப் போருக்கும் அதற்கும் ஏறத்தாழ 600 ஆண்டு இடைவெளி. இராசேந்திரன் மெய்க்கீர்த்தி சீவிசயம், பண்ணை, மலையூர், இலங்காசோகம், தலைத்தக்கோலம், மாதமாலிங்கம், இலாமுரிதேசம், மாநக்கவாரம், கடாரம் என ஊர்களை அடுக்கிச் செல்கிறது. அவ்வடுக்கில் மலாக்கா இல்லை. இல்லாததை இருப்பதாகச் சொல்லுவதால் மலாக்காத் தமிழர்க்கு ஒரு பெருமையும் கூடாது; ஏனெனில் அவர்க்குச் சொல்ல உண்மையிலேயே நிறைய இருக்கிறது. அது 1025க்குப் பின்னே இருக்கிறது.

கடாரப் போருக்கு 63 ஆண்டுகளுக்குப் பின், 1088இல், சுமத்திராவின் மேற்குக் கரையில் பாருஸ் என்னுமிடத்தில் திசையாயிரத்து ஐந்நூற்றுவர் என்னும் வணிகக் குழுவினர் தமிழில் கல் நட்டனர். அங்கே படை வரவில்லை. கற்பூர வணிகம் வந்தது. 1281இல் சீனத்துச் சுவன்சௌ நகரில் சிவன் கோயில் ஒன்றில் குப்ளாய்கான் நலம் வேண்டித் தமிழ்க் கல்வெட்டு எழுந்தது. மலாக்கா பிறக்குமுன்னரே அதன் வழியே செல்லும் கடற்பாதையில் தமிழ் வணிகர் பழகியிருந்தனர்.

நகர் எழுந்தபின் அவர்கள் வழிப்போக்கராக நிற்கவில்லை. மணி புரிந்தான் என்னும் இந்திய வணிகன் மலாக்காவில் குடியேறியதைச் செஜாரா மெலாயு கூறும். அவன் மகள் வயிற்றில் பிறந்த ராஜா காசிம், 1440களின் நடுவில் ஸ்ரீ பரமேசுவர தேவ ஷா என்னும் பட்டம் பூண்டிருந்த தன் இளைய உடன்பிறந்தானை வீழ்த்தி, முசாபர் ஷா என்னும் பெயரில் அரியணை ஏறினான். அதே வழியில் வந்த துன் முத்தாகிர் பெண்டகாராவாக உயர்ந்து 1510இல் கொல்லப்பட்டார். போர்த்துக்கீசியரான தொமே பிரெஸ், மலாக்காவில் நான்கு ஷாபந்தர்கள் இருந்ததையும், அவர்களுள் ஒருவர் கிளிங்கர், வங்காளத்தார், பெகு நாட்டார், பாசை நாட்டார் ஆகியோர்க்கு உரியவர் என்பதையும் எழுதினார்.

அந்நகரின் வணிகருள் முதன்மை பெற்றவன் நைனா சாத்து. 1511இல் அல்புகெர்க்கே மலாக்காவைக் கைப்பற்றியபின் அவனுக்கு இசுலாமியரல்லாதார் தலைவனாகப் பெண்டகாரா பதவி கிடைத்தது. 1514இல் அது பறிக்கப்பட்டுக் கம்பார் அரசனுக்குப் போயிற்று. மானம் பொறாத நைனா சாத்து தீ வளர்த்து அதனுட் புகுந்து மாண்டான். போர்த்துக்கீசியர் குறித்துவைத்த இச்செய்தியைத் தமிழ்ப் புலவர் எவரும் பெரிதாகப் பாடவில்லை. கவரிமான் குறளை மனப்பாடம் செய்யும் மாணவனுக்குத் தன் மாநிலத்திலேயே நிகழ்ந்த இதனை யாரும் சொல்வதில்லை.

ஏன் சொல்வதில்லை என்பதும் ஆராயத்தக்கது. நைனா சாத்து அயலவனுக்குத் துணைநின்றவன். பெருமை பேச இடமில்லை. முத்தாகிர் இசுலாமியர், தமிழர் வரலாறு என்று எழுதப்படும் நூல்கள் அவரைத் தம் கணக்கில் வைப்பதில்லை. மலாக்காச் செட்டிகள் இறைவழிபாட்டை விடாது காத்தனர். ஆனால் வீட்டில் பேசும் மொழி மலாய் ஆயிற்று. மொழி இழந்தாரைக் குறிப்பிட்டால் எச்சரிக்கைக்காகக் குறிப்பிடுவதே வழக்கம். ஐந்து நூற்றாண்டு நிலைத்து நின்றமைக்காகக் குறிப்பிடுவார் அரியர். வேள்விக்குடிச் செப்பேட்டில் களப்பிரனுக்கு நேர்ந்ததே இவர்க்கும் நேர்ந்தது. எழுதுவோர்க்கு வேண்டாதவர் இருளுக்குட் போயினர்.

இதனால் இழப்பு யாருக்கு? ஜாசின், மெர்லிமாவ், அலோர் காஜா வட்டாரங்களில் தோட்டக் குடும்பங்களிலிருந்து வரும் பிள்ளைகளுக்கே. அவர்களின் தோட்டங்களுட் பல செம்பனைக்கும் வீட்டுமனைக்கும் இடம்விட்டு மறைந்தன. அப்பிள்ளைக்கு நாம் கொடுக்கும் வரலாற்றில் அவன் வென்றவனின் வழித்தோன்றல். இல்லையேல் சஞ்சிக் கூலியின் பேரன். முதலாவது அவனுக்கு வீண்பெருமிதத்தையும் இரண்டாவது அவனுக்குக் கூச்சத்தையும் தரும். நகரத்தானாக, வரி தண்டும் அலுவலனாக, அரசரோடு மணவுறவு கொண்டவனாக, கோயில் கட்டியவனாக இங்கே தமிழன் வாழ்ந்தான் என்பதை அவன் கேட்டதே இல்லை.

ஜாசினிலிருந்தோ அலோர் காஜாவிலிருந்தோ ஒரு மணி நேரத்திற்குட்பட்ட பயணத்தில் மலாக்கா நகரின் துக்காங் அமாஸ் தெருவை அடையலாம். அத்தெருவில் 1748இல் எழுந்த கம்போங் கிளிங் பள்ளிவாசல் நிற்கிறது. சற்று அப்பால், டச்சுக்காரர் வழங்கிய நிலத்தில் செட்டிகள் 1781இல் எழுப்பிய ஸ்ரீ பொய்யாத விநாயகர் மூர்த்தி ஆலயம் நிற்கிறது. கல்விச் சுற்றுலா செல்லும் பள்ளிகள் கோட்டை வாயிலையும் சிவப்புக் கட்டடங்களையும் காட்டிப் பேருந்துக்குத் திரும்பிவிடுகின்றன. இந்தத் தெருவுக்கு நடந்து வர அரை மணி நேரம்கூட வேண்டா. புக்கிட் லிந்தாங்கில் முதல் ரப்பர்க் கன்று ஊன்றப்பட்டபோது அப்பள்ளிவாசலுக்கு 148 ஆண்டும் அவ்வாலயத்துக்கு 115 ஆண்டும் வயதாகியிருந்தன.