உடைந்த ஓடும் முழுக்கலமும்

எழுத்தை விட்டுச் செல்லாத மக்களின் வாழ்வை அறிவதற்கு அவர்கள் கைபட்ட பொருள்களே துணை. மண்ணும் கல்லும் எலும்பும் சிப்பியும் பேசினாலன்றி அவர்தம் வரலாறு வெளிப்படாது. அவற்றைப் பேசவைக்கும் இடங்கள் இரண்டு. ஒன்று, பழம்பொருள்களைத் திரட்டிக் கண்ணாடிப் பேழைக்குள் வைத்துக் காக்கும் அரும்பொருட் காட்சியகம். மற்றொன்று, அவை போன்றவற்றை இன்றும் கையால் ஆக்கும் தொழிற்கூடம். இவ்விரண்டையும் அடுத்தடுத்துக் காணும் வாய்ப்பு எல்லா இடத்தும் கிடைப்பதன்று. மெக்சிக்கோ நாட்டின் வடபகுதியில், சீவாவா மாநிலத்துப் பாலைநிலத்தில், அது கிடைக்கிறது. பாக்கிமே என்னும் பழைய நகரின் இடிபாடுகளும் அவற்றை ஒட்டிய காட்சியகமும் ஒருபுறம். தெற்கே ஏறத்தாழ 30 கிலோமீட்டருக்குள் மாத்தா ஓர்த்தீஸ் என்னும் குயவர் சிற்றூர் மறுபுறம். இரண்டையும் ஒரே நாளிற் கண்டு திரும்புவோர் உளர். காட்சியகத்திற் கண்ட கலத்தையும் சிற்றூரிற் கண்ட கலத்தையும் அருகருகே நினைத்துப் பார்த்து, இது பல நூற்றாண்டுகளாக அறாது வரும் மரபு என்று அவருட் பலர் முடிவு கட்டிவிடுகின்றனர். இம்முடிவு பொருந்துமா என்பதே ஈண்டு ஆராயத்தக்கது.

பாக்கிமே பாலையில் எழுந்த நகராயினும் வறுமையுற்ற நகரன்று. குழைத்த சேற்றைப் பலகைகளுக்கிடையே இட்டு இறுக்கி எழுப்பிய தடித்த சுவர்கள், ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய மாடிகள், மேலே அகன்று கீழே குறுகி ஆங்கில டி எழுத்தைப் போல் அமைந்த வாயில்கள், ஊற்று நீரைத் தொலைவிலிருந்து கொணர்ந்து குடியிருப்புகளின் ஊடே செலுத்திய கால்வாய்கள், பந்தாட்டக் களங்கள். இவற்றினும் வியப்பானவை இரண்டு உண்டு. செந்நிறப் பஞ்சவர்ணக் கிளி வெப்பநாட்டுக் காட்டுப் பறவை. அதன் இயற்கை உறைவிடம் பாக்கிமேக்குத் தெற்கே பல நூறு கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. அக்கிளிகள் 300க்கு மேற்பட்டவற்றின் எலும்புகள் இந்நகரிற் கிடைத்தன. அவற்றை அடைத்து வளர்த்த மண் கூண்டுகளும், அக்கூண்டுகளின் வட்ட வாயிலை அடைத்த கற்களுங்கூடக் கிடைத்தன. கடல் எட்டாத இந்நகரில் 40 இலட்சத்துக்கு அருகான சிப்பிப் பொருள்கள் குவிந்து கிடந்தன. பாலை என்றதும் வெறுமையை நினைக்கும் மனம் இங்கே தடுமாறும்.

இந்நகரை முறையாக அகழ்ந்தவர் சார்லஸ் டி பேசோ என்னும் அமெரிக்க அறிஞர். 1958 முதல் 1961 வரை, மெக்சிக்கோ அரசின் தொல்பொருள் நிறுவனத்தோடு இணைந்து அப்பணியை நடத்தினார். 1974இல் எட்டுத் தொகுதிகளாக அதன் முடிபுகள் வெளிவந்தன. அவ்வளவு பெரிய உழைப்பினும் ஒரு பிழை புகுந்தது. வீட்டு உத்தரங்களின் வளையங்களை எண்ணி அவர் காலம் கணித்தார். மரத்தின் கடைசி வளையம் எதுவோ அதுவே அதை வெட்டிய ஆண்டைக் காட்டும். பாக்கிமேயின் தச்சரோ உத்தரங்களைச் செதுக்கி மெருகிட்டவர்கள். வெளிவளையங்கள் அச்செதுக்கலிற் போய்விட்டன. எஞ்சிய வளையத்தைக் கடைசி வளையமாகக் கொண்டதனால் நகரின் சிறப்புக் காலம் நூறாண்டுக்கு மேல் முன்தள்ளிப் போயிற்று. தெற்கே தூலா நகரத்துத் தோல்தெக் வணிகர் வந்து இந்நகரை ஆக்கினர் என்னும் அவர் கொள்கைக்கு அந்தக் காலக்கணக்கும் துணைநின்றது. 1993இல் டீன், ரவெஸ்லூட் என்னும் இருவர் அவ்வுத்தரங்களை மீண்டும் ஆராய்ந்து, பாக்கிமே செழித்த காலம் ஏறத்தாழ 1200க்கும் 1450க்கும் இடைப்பட்டது என்று காட்டினர். அதற்குள் தூலாவின் பெருமை முடிந்துபோயிருந்தது, கொள்கையும் தளர்ந்தது. ஓரம் இழந்த பொருள் தேர்ந்த அறிஞரையே வழிமாற்றிற்று.

ஓரம் கிடைத்த ஒருவரின் கதை அடுத்த ஊரில் உள்ளது. ஹுவான் கேசாதா 1940இல் பிறந்தவர். பள்ளிப் படிப்பு நீளவில்லை. கழுதைகளை ஓட்டிக்கொண்டு மலைப்பக்கம் விறகு பொறுக்கச் செல்வது அவர் இளமைத் தொழில். அங்கே பழங்காலத்து ஓடுகள் சிதறிக் கிடந்தன. வெளிர்நிற மண்ணின்மேல் கறுப்பும் சிவப்புமாகத் தீட்டிய அவ்வோடுகளின் அழகு அவரைப் பற்றிக்கொண்டது. தாமும் அவ்வாறு ஆக்க முயன்றார். அவ்வூரில் அத்தொழிலைக் கற்பிப்பார் ஒருவரும் இல்லை. மண்ணைப் பிசைந்து கலமாக்கினால் அது காயும்போதே வெடித்தது. வெடிக்காதது நெருப்பில் வெடித்தது. பிறகு அவர் செய்ததுதான் கருதத்தக்கது. ஓட்டின் முகத்திலுள்ள ஓவியத்தை விட்டு, உடைந்த விளிம்பை உற்றுநோக்கினார். மண்ணோடு மணல் கலந்திருத்தலை அங்கே கண்டார். மணல் கலந்தாற் கலம் வெடியாது என்னும் நுட்பம் இவ்வாறு விளங்கிற்று. வண்ணக் கற்களையும், மெருகிடும் முறையையும், சுடும் முறையையும் இப்படியே ஒவ்வொன்றாகத் தேடிப் பல ஆண்டுகள் உழைத்தார். இடையில் தொடர்வண்டிப் பாதையிற் கூலி வேலையும் பார்த்தார்.

இதனை நினைவிற் கொண்டு காட்சியகத்துக்கு வரவேண்டும். அக்கட்டடம் போற்றத்தக்கது. இடிபாடுகளினும் உயர்ந்து நின்று அவற்றைச் சிறுமைப்படுத்தாவண்ணம், பாதி நிலத்துள் அமிழ்ந்ததுபோல் அதனை அமைத்திருக்கின்றனர். மெக்சிக்கோவின் பெயர்பெற்ற கட்டடக் கலைஞர் மாரியோ ஸ்கெத்னான் அதனை வகுத்தவர். உள்ளே கலங்கள் நிரையாக உள்ளன: மனித உருவில் அமைந்தவை, பறவை உருவில் அமைந்தவை, சிறகுடைய பாம்பைத் தீட்டியவை. யாவும் அழகியவை. ஆயினும், அழகியவை என்பதே இங்கு ஒரு குறை. எந்த நாட்டுக் காட்சியகமும் முழுக்கலத்தையே முன்னே வைக்கும். ஓடுகள் பெட்டிகளில் அடைபட்டுப் பின்னறைக்குப் போகும். முழுக்கலம் தன் முகத்தைக் காட்டுமேயன்றி உள்மண்ணைக் காட்டாது. எவ்வளவு மணல் கலந்தனர், சுவரை எவ்வளவு மெல்லியதாக இழைத்தனர், நெருப்பு எவ்வளவு ஆழம் ஊடுருவிற்று என்பவை உடைந்த விளிம்பிலேதான் தெரியும். விறகு பொறுக்கிய இளைஞருக்குக் கிடைத்த பாடம், கட்டணம் செலுத்தி வரும் மாணவருக்குப் பேழைமுன் நின்று கிடைப்பதில்லை. ஒவ்வொரு முழுக்கலத்தின் அருகிலும் ஓர் ஓட்டை விளிம்பு தெரிய வைத்தால் என்ன? பெருஞ்செலவு ஏதும் இல்லை. பழக்கம் ஒன்றுதான் தடை.

தொழிற்கூடத்தில் நிலைமை மாறுகிறது. மாத்தா ஓர்த்தீஸில் திகிரி சுழல்வதில்லை. சோள ரொட்டிபோல் தட்டிய மண்ணைக் குழிந்த தட்டில் அமுக்கி அடிப்பாகம் ஆக்குகின்றனர். தடித்த கயிறுபோல் உருட்டிய மண்ணை அதன் விளிம்பில் வளைத்து ஒட்டி, விரலால் மேலே இழுத்து இழுத்துச் சுவர் எழுப்புகின்றனர். காய்ந்தபின் சுரண்டித் தேய்த்து, வழுவழுப்பான கல்லாலோ எலும்பாலோ மெருகிடுகின்றனர். சிறுவர் தலைமயிர் சில இழைகளைக் கட்டிய தூரிகையால் வரைகின்றனர். கோடு நூலினும் நுண்ணியது. கலத்தைக் கவிழ்த்த வாளியின்கீழ் வைத்துக் காய்ந்த மாட்டுச் சாணத்தை அடுக்கித் தீ மூட்டுகின்றனர். கரிய கலம் வேண்டுமாயின் காற்றுப் புகாதபடி மூடிப் புகையை உள்ளடக்குகின்றனர். இவ்வளவையும் அருகிருந்து காண்பவர் பழங்கலத்தைப் பார்க்கும் பார்வையே மாறிவிடும். மூலத்தை மட்டும் படித்தவர் நல்ல உரையாசிரியர் ஒருவரைச் சந்தித்தது போன்றது அது.

ஆனால் உரை மூலம் ஆகாது. குழிந்த தட்டு பாரிஸ் சாந்தினாற் செய்தது, சுரண்டும் கருவி இரும்பறுக்கும் வாளின் தகடு, தேய்ப்பது உப்புத்தாள். எரிபொருளான மாட்டுச் சாணமுங்கூடப் பழையதன்று. மாடு அந்நிலத்துக்கு வந்ததே ஸ்பானியர் வந்தபிறகு. பாக்கிமே வீழ்ந்தது 15ஆம் நூற்றாண்டில்; கேசாதா முதல் முயற்சியைத் தொடங்கியது 20ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில். இடையில் ஐந்நூறு ஆண்டு வெற்றிடம். இதனை அறாத மரபு என்பது அவருக்குப் பெருமை சேர்ப்பதன்று. அவர் பெருமையைப் பறிப்பதாகும். தந்தை கையைப் பார்த்துக் கற்றவருக்கும், இறந்துபோன கையின் சுவட்டைப் பார்த்துக் கற்றவருக்கும் வேறுபாடு இல்லையா? அவருடைய ஓவியமும் பழையதை அப்படியே பெயர்த்தெழுதியதன்று. கிடைக்கோடுகளுக்குள் அடங்கிய பழைய அமைப்பை விட்டு, கலத்தைச் சுற்றிச் சுழன்றேறும் புதிய அமைப்பை அவர் கண்டார். சுவரும் பழங்கலத்தினும் மெல்லியதாயிற்று.

இச்செய்தியில் நேர்மை சார்ந்த ஒரு பகுதியும் உண்டு. தொடக்கத்திற் பெயர் எழுதாது விற்ற கலங்களை இடைத்தரகர் சிலர் பழம்பொருள் என்று சொல்லி விற்றனர். 1976இல் ஸ்பென்சர் மக்கல்லம் என்னும் மானிடவியலார், நியூ மெக்சிக்கோ மாநிலத்தின் டெமிங் நகரில், பழைய சாமான் கடை ஒன்றில் பெயரற்ற கலங்கள் மூன்றைக் கண்டார். ஆக்கியவரைத் தேடி எல்லை கடந்து வந்து கேசாதாவைக் கண்டுபிடித்தார். விரைந்து விற்கும் கவலையின்றி வேலை செய்யுமாறு சில ஆண்டுகள் பொருளுதவி செய்தார். கேசாதா தம்பி தங்கையருக்குக் கற்பித்தார். அவர்கள் அண்டை வீட்டாருக்குக் கற்பித்தனர். தொடர்வண்டிப் பட்டறை அகன்றபின் பிழைப்பற்றிருந்த ஊரில் நூற்றுக்கணக்கானோர் இன்று இத்தொழிலால் வாழ்கின்றனர். 1999இல் நாட்டின் தேசியக் கலைப் பரிசு கேசாதாவுக்குக் கிடைத்தது. 2022இல் அவர் மறைந்தார். இன்று ஒவ்வொரு கலத்தின் அடியிலும் ஆக்கியவர் கையெழுத்து இருக்கிறது. அடிப்பாகத்து அச்சிறு கையெழுத்து, இது புதியது, இன்னார் செய்தது என்று சொல்கிறது. போலிக்கும் புத்தாக்கத்துக்கும் இடையிலுள்ள கோடு அதுவே.

தொழிற்கூடம் சொல்லமுடியாத பகுதியும் உண்டு. கிளித்தலை கொண்ட மனிதனைப் பழங்குயவர் ஏன் தீட்டினர்? புகையிலை புகைத்து மயங்கும் பூசாரி வேற்றுலகம் செல்லும் நிலையை அது குறிக்கும் என்று ஆய்வாளர் சிலர் கருதுவர். இதனை உண்டென்றோ இல்லையென்றோ சொல்ல இன்றைய குயவருக்கு உரிமை ஏதும் இல்லை. கை கற்றதற்கு மேல் அவர் சொல்வதை ஆதாரமாகக் கொள்ளலாகாது. கூண்டும் எலும்பும் கிடைத்த இடமும் ஆழமும் அறிந்தே அவ்வினா தீர்க்கப்படவேண்டும். அது அகழாய்வின் வேலை, காட்சியகத்தின் வேலை. தோண்டித் திருடி விற்ற கலங்கள் உலகெங்கும் பேழைகளில் உள்ளன. கிடைத்த இடம் தெரியாத அவை எவ்வளவு அழகாயிருப்பினும் இவ்வினாவுக்கு உதவா.

ஐக்கிய நாடுகளின் கல்வி, அறிவியல், பண்பாட்டு நிறுவனம் 1998இல் பாக்கிமேயை உலக மரபுடைமையாக ஏற்றது. அகழ்ந்து வெளிப்பட்ட மண்சுவர்கள் மழையிற் கரையும். ஆகவே பணியாளர் அவற்றின்மேல் மீண்டும் மீண்டும் புதுச் சேறு பூசிக் காக்கின்றனர். கரைந்துபோக விடுவதினும் இது நன்று. ஆயினும் பார்க்க வருவோர் பழஞ்சுவர் என்று நினைத்துக் கண்ணாற் காண்பது அண்மையிற் பூசிய சேற்றையே. எங்கே பழையது முடிகிறது, எங்கே புதியது தொடங்குகிறது என்று அறிவிக்கும் ஒரு சிறு பலகை ஒவ்வொரு சுவரின் அடியிலும் இருத்தல் வேண்டும். குயவர் சிற்றூரில் ஒவ்வொரு கலத்தின் அடியிலும் அது இருக்கிறது.