பொம்மையை மறந்த படம்

மைக்கேல் பே இயக்கிய ‘டிரான்ஸ்ஃபார்மர்ஸ்’ (2007) பொம்மை விற்க எடுத்த படம் என்று பலரும் குறை சொன்னார்கள். அதில் பொய் ஏதுமில்லை. ஜப்பானின் தகாரா நிறுவனம் செய்த உருமாறும் பொம்மைகளை 1984இல் அமெரிக்காவின் ஹாஸ்ப்ரோ புதுப்பெயரிட்டுச் சந்தைக்குக் கொண்டுவந்தபோது, அவற்றுக்குக் கதையும் குணமும் எழுதித் தரும் வேலையை மார்வெல் காமிக்ஸிடம் ஒப்படைத்தது. பிறப்பிலேயே வியாபாரம் கலந்த கதை இது. ஆனாலும், புதுப் பொம்மைகளுக்கு வழிவிட 1986 அனிமேஷன் படத்தில் நாயகன் ஆப்டிமஸ் பிரைமைச் சாகடித்தபோது குழந்தைகள் அழுதார்கள். வியாபாரத்துக்காகப் பிறந்த பாத்திரமும் மனதில் ஒட்டிக்கொள்ளும். ஆகவே நாம் கேட்க வேண்டியது இதுதான்: பொம்மை தந்த இன்பத்தைப் படம் தந்ததா?

ஆப்டிமஸ் பொம்மையில் லாரியின் எந்தப் பகுதி காலாகிறது, எது மார்பாகிறது என்று விரல்களால் திருகித் திருகிக் கண்டுபிடிப்பதுதான் அந்த இன்பம். முதல் பாதியில் படம் இதைப் புரிந்துகொண்டிருக்கிறது. இரவில், ஒரு சந்துக்குள், கதையின் இளைஞன் சாமின் கண்முன்னே லாரி ஆப்டிமஸாக எழுந்து நிற்கும் காட்சியைப் பாருங்கள். முன்கண்ணாடிகள் மார்பாகின்றன; சக்கரங்கள் உள்ளே மடிகின்றன. கேமரா அவசரப்படாமல் சுற்றி வருகிறது. ஐஎல்எம் நிறுவனத்தின் வரைகலைக் கலைஞர்களின் உழைப்பு ஒவ்வொரு கீலிலும் தெரிகிறது. டிரான்ஸ்ஃபார்மர்ஸ் தொலைக்காட்சித் தொடரில் ஆப்டிமஸுக்குக் குரல் கொடுத்த பீட்டர் கல்லனே இதிலும் பேசுவது பழைய ரசிகர்களுக்குக் கூடுதல் பரிசு. சாம் வீட்டுத் தோட்டத்தில் ராட்சத ரோபோக்கள் ஒளிய இடமின்றித் தவிக்கும் காட்சியும் அருமை. உருவத்தின் பிரம்மாண்டமே அங்கே நகைச்சுவையாகிறது.

இறுதிச் சண்டையில் இத்தனையும் கைவிட்டுப் போகிறது. மெகட்ரானும் ஸ்டார்ஸ்கிரீமும் இன்னும் பல வில்லன்களும் ஒரே எஃகுச் சாம்பல் நிறம். கேமரா குலுங்க, காட்சிகள் நொடிக்கு நொடி வெட்டுப்பட, யார் யாரை அடிக்கிறார்கள் என்றே பிடிபடுவதில்லை. பொம்மைகளில் நிறத்தைப் பார்த்தே ஆளைச் சொல்லிவிடலாம். நல்லவர் அணியைச் சேர்ந்த ஜாஸை மெகட்ரான் இரண்டாகக் கிழிக்கிறான். இரங்கல் இரண்டொரு வார்த்தையில் முடிகிறது. 1986இல் அழவைத்த மரணத்தோடு இதை ஒப்பிட்டால், பாத்திரங்களோடு பழகப் படம் நமக்கு அவகாசமே தரவில்லை என்பது விளங்கும்.

வியாபாரம் படத்தைக் கெடுத்தது என்றால், கெடுத்தது பொம்மை வியாபாரமன்று, கார் வியாபாரம். பொம்மையில் ஃபோக்ஸ்வேகன் பீட்டிலாக இருந்த பம்பிள்பீ என்ற நல்ல ரோபோ, படத்தில் செவ்ரோலே கமாரோவானது. ஆப்டிமஸ் தவிர மற்ற நல்ல ரோபோக்களும் ஜெனரல் மோட்டார்ஸ் வண்டிகளே. அமெரிக்க ராணுவத்தின் ஒத்துழைப்போடு வந்த எஃப்-22 விமானங்களும் தங்கள் பங்குக்குத் திரையை நிரப்புகின்றன. இந்தக் கூட்டத்தில் ரோபோக்களே துணைப்பாத்திரங்களாகிவிடுகின்றன.

இதே பட வரிசையில் டிராவிஸ் நைட் இயக்கிய ‘பம்பிள்பீ’ (2018) பீட்டிலைத் திரும்பக் கொண்டுவந்தது. பளிச்சென்ற நிறங்கள், எளிய வடிவங்கள், ஒரு பெண்ணுக்கும் ரோபோவுக்கும் இடையிலான நட்பு என்று கதையைச் சுருக்கிக்கொண்டதால், சண்டைகளும் கண்ணுக்குப் புரிந்தன. ஆனால் சுமார் 15 கோடி டாலரில் உருவாகி 70 கோடிக்கு மேல் ஈட்டிய முதல் படத்தின் வசூலை அது எட்டவில்லை. இரைச்சலைக் கூட்டிய மூன்றாம் பாகமோ 100 கோடி டாலரையே தாண்டியது. சந்தையின் தீர்ப்பு மைக்கேல் பேயின் பக்கம்தான். ஆனாலும் 2007 படத்தில் இன்றும் திரும்பப் பார்க்கத் தகுந்தவை, பொம்மையை நம்பி எடுத்த அந்த முதல் பாதிக் காட்சிகளே.